வளைவில் நிற்கும் பேருந்து

கொழும்பில் கைத்தொலைபேசி விளையாட்டுகளைச் சோதித்துப் பார்க்கும் நிறுவனமொன்றில் மஸீனா பணியாற்றிய ஆண்டுகளில், அவளுக்கு அடங்காத சினத்தை மூட்டியது ஒரே ஒரு சொற்றொடர்தான். ‘விளையாடுபவரின் தவறு’ என்பது அது. வெளிநாட்டார் ஆக்கி அனுப்பும் விளையாட்டில் யாரேனும் ஓரிடத்தில் இடறினால், இடறலுக்குக் காரணம் என்னவென்று ஆராய்வதை விட்டுவிட்டு, அந்தச் சொற்றொடரின் கீழ் அதை ஒதுக்கிவைத்துத் தேநீர் அருந்தப் போய்விடுவது அங்கே வழக்கமாயிருந்தது. சமைத்தவன் உப்பிட மறந்துவிட்டு, உண்டவனின் நாக்கைப் பழிப்பதற்கும் இதற்கும் என்ன வேறுபாடு என்று கூட்டங்களில் அவள் கேட்பாள். கேட்டதனால் அவளுக்குப் பதவி உயரவில்லை. அதற்காக அவள் கேட்பதை நிறுத்தவுமில்லை.

சோதிப்பவள் என்றால் சம்பளம் வாங்கிக்கொண்டு விளையாடிப் பொழுதைப் போக்குபவள் என்று எண்ணுவோர் ஊரில் ஏராளம். அப்படி எண்ணுவோரை அழைத்து, ஒரே சுவரில் ஒரே பந்தை ஒரு கிழமை முழுவதும் மோதவிட்டு, எந்தக் கோணத்தில் மோதும்போது பந்து சுவருக்குள் புகுந்து மறைகிறது என்று கண்டறியச் சொல்ல வேண்டும். இரண்டாம் நாளே தலையைப் பிடித்துக்கொண்டு எழுந்து ஓடுவார்கள். மஸீனா ஓடவில்லை. அவள் சோதித்து அனுப்பிய எந்த விளையாட்டும் பின்னர் எவருடைய கையிலும் உறைந்து நின்றதில்லை என்ற பெயரை அவள் அங்கே சம்பாதித்திருந்தாள்.

இரண்டாயிரத்தேழாம் ஆண்டு முடியும் தறுவாயில் அந்த வேலையை விட்டுவிட்டு அவள் மாத்தளைக்கு அருகிலுள்ள தன் ஊரான உக்குவளைக்குத் திரும்பினாள். அவளை எவரும் துரத்தவில்லை. பிறர் ஆக்கியவற்றின் குறைகளைச் சுட்டியது போதும், இனித் தானே ஆக்குவது என்று முடிவு செய்து வந்தாள். அவள் ‘நானா’ என்றழைக்கும் மூத்த சகோதரர் ரவூப், புகையிரத நிலையத்துக்குப் போகும் வீதியில் சீமெந்து, ஆணி, வர்ணம் முதலியன விற்கும் கடை வைத்திருந்தார். கடையின் மேல்மாடியில் வர்ண வாளிகளை ஒரு மூலைக்கு ஒதுக்கி, இரண்டு மேசைகளையும் இரண்டு கணினிகளையும் போட்டுக்கொண்டபோது மஸீனாவின் நிறுவனம் பிறந்துவிட்டது.

இரண்டாவது மேசை சந்திரவதனாவுடையது. பேராதனையில் மஸீனாவுடன் கூடப் படித்தவள். மாத்தளைக் கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில், உயர் பதவி வகித்த ஒருவரின் மகள். காலைப் புகையிரதத்தில் மாத்தளையிலிருந்து வந்து, மாலைப் புகையிரதத்தில் திரும்பிப் போவாள். என்ன விளையாட்டு, எப்படி விளையாட்டு என்பதை மஸீனா தீர்மானிப்பாள். அதைக் கணினிக்குப் புரியும்படி நிரலாக எழுதுவது சந்திரவதனாவின் வேலை. தேவையற்ற ஒரு வரியும் அவளுடைய நிரலில் இராது.

அவர்கள் ஆக்கிய விளையாட்டின் பெயர் ‘வில்கமுவ பஸ்’. வில்கமுவவிலிருந்து விடியலில் புறப்படும் பேருந்தை விளையாடுபவர் ஓட்ட வேண்டும். அதைத் தவறவிட்டால் அடுத்ததற்கு அரைநாள் காத்திருக்க வேண்டும் என்பதால், வழிநெடுகிலும் மக்கள் நெல்மூட்டையோடும் பூசணிக்காயோடும் நிற்பார்கள். அவர்களை ஏற்றிக்கொண்டு, லக்கல மலையேறி, ரிவர்ஸ்டன் மூடுபனியைக் கடந்து, இரத்தோட்டை வழியாகக் குறித்த நேரத்துக்குள் மாத்தளையை அடைய வேண்டும். விசையை அழுத்தினால் பேருந்து ஓடும்; விட்டால் நிற்கும். பேருந்து நின்றால் கடிகாரமும் நிற்கும். ஆட்களை ஏற்றும் நேரத்தை ஓட்டுநரின் கணக்கில் எழுதுவது நியாயமில்லை என்று சந்திரவதனா அப்படி வைத்திருந்தாள்.

நகரை நெருங்கும் ஒரு வளைவில், வீதியின் இருமருங்கிலும் ஊரார் ‘பெரல்’ என்னும் தார்ப் பீப்பாய்களையும் மண்மூட்டைகளையும், துப்பாக்கியோடு ஒரு சிறு உருவத்தையும் மஸீனா வரைந்திருந்தாள். போர் நடந்த அந்தக் காலத்தில் இத்தகைய சோதனைச் சாவடி இல்லாத வீதியை எவரும் வீதியென்று நம்பமாட்டார்கள். மரத்தையும் மைல்கல்லையும் வரைந்ததைப் போலவே அவற்றையும் வரைந்தாள்; அவற்றுக்கு விளையாட்டில் வேலை எதுவும் கொடுக்கப்படவில்லை. பேருந்து நேராகப் போய்க்கொண்டேயிருக்கலாம்.

கொழும்பில் தொலைபேசிச் சேவை நிறுவனமொன்றுக்கு விளையாட்டுகளைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பில் இருந்தவர் மகாலிங்கம். சித்திரைப் புத்தாண்டுக்கு முன் ‘வில்கமுவ பஸ்’ஸை வெளியிட அவர் பெரும்பாலும் இணங்கியிருந்தார். இணக்கம் உறுதியாவதற்கு முன்னரே திரையில் இடவேண்டிய தமிழ்ச் சொற்களை அவருடைய அலுவலகம் அனுப்பிவைத்தது. அவற்றில் ‘மீண்டும்’ என்பதை ‘மீன்டும்’ என்று எழுதியிருந்தார்கள். இலட்சக்கணக்கான கைகளுக்குப் போகும் ஒரு சொல்லைச் சரிபார்க்க அத்தனை பெரிய நிறுவனத்தில் ஒருவரில்லையா என்று மஸீனா கொதித்தாள். கொதித்தபடியே திருத்தினாள்.

மாசி மாதத்தில் ஒரு நாள் காலை, மகாலிங்கம் தொலைபேசியில் அழைத்தார்.

“மிஸ், உங்கட கேம் ஹேங் ஆகுதே. எங்கட ஆட்கள் எல்லாருமே சொல்றாங்க. டவுனுக்குக் கிட்ட ஒரு பெண்ட் இருக்கு பாருங்க, அதுல போய் பஸ் நிண்டுடுது. அதுக்குப் பிறகு ஒண்ணும் நடக்குதில்லையாம்.”

“எந்த ஃபோன்ல, சேர்?”

“எல்லா ஃபோன்லயும்தான். ஹேங் ஆகிறதை நான் எடுக்கமாட்டேன், தெரியும்தானே. மாசக் கடைசியில தம்புள்ளைக்குப் போறேன். போற வழியில உங்கட ஒஃபீசுக்கு வாறேன். சரியா இருந்தா அங்கேயே முடிவு சொல்றேன். இல்லாட்டிப் போனா மன்னிச்சுக்கணும்.”

மஸீனா நன்றி சொல்லிவிட்டுத் தொலைபேசியை வைத்தாள். எதிர் மேசையிலிருந்த சந்திரவதனா நடந்ததை அவள் முகத்திலிருந்து படித்துக்கொண்டாள். தோஹாவில் ஒரு நிறுவனம் அவளுக்கு வேலை வைத்துக்கொண்டு பதிலுக்குக் காத்திருந்தது. மகளை இந்த நாட்டிலிருந்து பத்திரமாக வெளியே அனுப்பிவிட வேண்டுமென்று அவளுடைய தந்தை தவித்துக்கொண்டிருந்தார். விளையாட்டு ஏற்கப்பட்டால் இருப்பது, இல்லையேல் போவது என்று அவரிடம் சந்திரவதனா வாக்குக் கொடுத்திருந்தாள். அவள் போய்விட்டால் மேல்மாடியில் எஞ்சுவது வர்ண வாளிகள் மட்டுமே.

“என்னோட கோட்லயா ஹேங்?” என்று மட்டும் சந்திரவதனா கேட்டாள்.

“இருந்தா பிடிச்சிடலாம். பிடிபடாத ஹேங்கை நான் இன்னும் பாத்ததில்ல.”

பிடிபடவில்லை. அந்தக் கிழமை முழுவதும் இருவரும் அந்த வளைவைச் சல்லடை போட்டுச் சலித்தார்கள். பழைய தொலைபேசிகளை மாத்தளையிலிருந்து இரவல் வாங்கிவந்து ஓட்டினார்கள். வேகமாக ஓட்டினார்கள், ஊர்ந்து ஓட்டினார்கள், பேருந்து நிறைய ஆளேற்றியும், ஒருவரும் இல்லாமலும் ஓட்டினார்கள். ஒவ்வொரு முறையும் பேருந்து பீப்பாய்களுக்கிடையே சறுக்கிக்கொண்டு போய் மாத்தளையைச் சேர்ந்தது. அண்டை அயலாருக்குக் கொடுத்தனுப்பிய தொலைபேசிகளோ, ‘வளைவில் நின்றுவிட்டது’ என்ற அதே முறைப்பாட்டோடு திரும்பி வந்தன.

கிழமையின் முடிவில் மஸீனாவுக்குத் தன்மீதே கோபம் வந்தது. கொழும்பில் இத்தனை காலம் எதைக் கற்றாள்? விளையாடுபவரின் பின்னால் நின்று, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, வாயைத் திறக்காமல் பார்க்க வேண்டும் என்பதைத்தானே? இடறினால் உதவக்கூடாது; கேள்வி கேட்டால் பதில் சொல்லக்கூடாது; திரையைச் சுட்டிக்காட்டுவது அறவே கூடாது. விளையாட்டு கடைக்குப் போகும்போது ஆக்கியவள் கூடவே போய் விளக்கம் சொல்லப் போவதில்லை. விளையாடியவரின் பாராட்டைக்கூட அவள் பொருட்படுத்துவதில்லை. தோற்றுப் போனவர், எவரும் சொல்லாமலே ‘மீண்டும்’ என்னும் விசையைத் தேடுகிறாரா என்பது ஒன்றே அவளுக்குக் கணக்கு. இப்படியெல்லாம் பிறருக்குப் பாடம் நடத்தியவள், தன் சொந்த விளையாட்டை மட்டும் வீடுகளுக்குக் கொடுத்தனுப்பிவிட்டு முறைப்பாடுகளைச் சேகரித்துக்கொண்டிருந்தாள்.

அவள் கீழே இறங்கிக் கடைக்குப் போனாள். வில்கமுவப் பேருந்தின் நடத்துநர் றஹீம், தன் வீட்டுக் கதவுக்குப் பிணைச்சல் வாங்க வந்து, ரவூபோடு பேசிக்கொண்டிருந்தார்.

“றஹீம் நானா, கொஞ்ச நேரம் மேல வாறீங்களா? பஸ் ஓட்டணும்.”

“அல்ஹம்துலில்லாஹ்,” என்றார் றஹீம். “இவ்வளவு காலமும் ஃபுட்போர்ட்ல தொங்கினதுக்கு இண்டைக்கித்தான் ஸ்டியரிங் கெடைக்குது. டிரைவருக்குச் சொல்லிடாதீங்க, ஆள் கோவிச்சுக்குவாரு.”

“பிளேன்டீ குடுத்து ஆளுகளை விளையாட வைக்கிறது ஒரு தொழிலாம்,” என்று ரவூப் தராசைத் துடைத்துக்கொண்டே சொன்னார். “ரெண்டு பேரும் கெம்பஸ் போய்ப் படிச்சாங்க இதை.”

“நீங்க ஆணி நிறுக்கிறதை எந்தக் கெம்பஸ்ல படிச்சீங்க, நானா?” என்று கேட்டுவிட்டு மஸீனா படியேறினாள்.

றஹீம் நாற்காலியில் சம்மணமிட்டு அமர்ந்துகொண்டார். மஸீனா அவருக்குப் பின்னால் நின்றாள். கொஞ்ச நேரத்திலேயே அவர் முற்றாகப் பேருந்துக்குள் போய்விட்டார். மூட்டை தூக்கியவரைப் பார்த்து, “முன்னுக்குப் போங்க, முன்னுக்குப் போங்க,” என்றார். ரிவர்ஸ்டன் மூடுபனியில் மூக்கைத் திரையோடு ஒட்டவைத்தார். இரத்தோட்டை கடந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

வளைவு வந்தது. பீப்பாய்கள் தெரிந்தன. அவருடைய பெருவிரல் விசையிலிருந்து தானாகவே உயர்ந்தது.

பேருந்து நின்றது. கடிகாரம் நின்றது. திரையில் ஓர் இலைகூட அசையவில்லை. றஹீம் தொலைபேசியை முழங்கால்மேல் வைத்துவிட்டு, யன்னல் வழியாக வீதியைப் பார்த்தார். பார்த்தபடியே அவருடைய வலக்கை சட்டைப் பைக்குப் போய், தேசிய அடையாள அட்டையைப் பாதிவரை வெளியே இழுத்தது. பிறகு தன் கையைத் தானே கண்டவர் போல, அட்டையை மீண்டும் பைக்குள் தள்ளினார்.

“இறுகிட்டுது போல, தங்கச்சி,” என்றார். “அசையுதே இல்ல.”

மஸீனா தன் விதியை மறந்து வாய் திறந்தாள். “ஏன் பட்டனை விட்டீங்க?”

“விடாம? பெரலுக்குக் கிட்டப் போய் விடாம ஓட்டச் சொல்றீங்களா? அந்தாள் இன்னும் கையக் காட்டல்லையே.”

“அது வெறும் படம், நானா,” என்றாள் சந்திரவதனா.

“படமா இருந்தா என்ன, துவக்கு வச்சிருக்கிறானே.”

மஸீனா வர்ண வாளியொன்றின்மேல் மெல்ல உட்கார்ந்தாள். உறைவு என்று ஒன்று இருந்ததேயில்லை. நிரலில் பிழையில்லை, தொலைபேசியில் பிழையில்லை. உக்குவளையிலும் கொழும்பிலும் விளையாடிய அத்தனை பேரும் ஓட்டுவதை நிறுத்தி, போகச் சொல்லும் கைக்காகக் காத்திருந்திருக்கிறார்கள். அந்தக் கையை அவள் வரையவில்லை. ‘பஸ் நின்றுவிட்டது, அதன்பின் ஒன்றும் நடக்கவில்லை’ என்று அவர்கள் சொன்னது அப்பட்டமான உண்மை. நிறுத்தியது தாங்களே என்பதை மட்டும் ஒருவரும் அறியவில்லை. அங்கே ஒன்றும் இல்லையென்று அறிந்த இருவர் மட்டுமே அந்த வளைவை நிற்காமல் கடந்திருந்தார்கள்.

அன்று மாலை மகாலிங்கத்திடம் தொலைபேசியில் விளக்கினாள்.

“இப்ப எனக்கும் விளங்குது. மிஸ், பெரலையும் அந்த ஆளையும் எடுத்திடுங்க. இருக்கிற நிலைமையில எதுக்கு அந்தப் படமெல்லாம்? எடுத்தா ஹேங்கும் இல்ல, தலையிடியும் இல்ல.”

சந்திரவதனாவும் அதையே சொன்னாள். “அஞ்சு நிமிச வேலை, மஸீனா. அதுல ஒண்ணும் இல்லைன்னு நீயேதானே வச்ச?”

மறுநாளே எடுத்தார்கள். வளைவில் இருமருங்கும் பச்சைப் புல் முளைத்தது. ஓர் ஆலமரத்தையும் மஸீனா நட்டாள். றஹீமை மறுபடியும் அழைத்தார்கள். அவர் அதே உற்சாகத்தோடு மலையேறினார், மூடுபனியைக் கடந்தார், வளைவுக்கு வந்தார், விரலை எடுத்தார்.

வெறும் வீதியில் பேருந்து நின்றது.

“எங்க பெரல்?” என்றார் றஹீம்.

“எடுத்தாச்சு, நானா.”

“நீங்க எடுத்தீங்க. அவங்களுக்குத் தெரியுமா எடுத்தது?”

சந்திரவதனா சிரித்துவிட்டாள். மஸீனாவுக்குச் சிரிப்பு வரவில்லை. கடைக்குப் பின்வீட்டில் தையல் வேலை செய்யும் பீபி மாமியை அழைத்து, கையில் தொலைபேசியைக் கொடுத்தாள். கிழமைதோறும் மாத்தளைக்குத் துணி வாங்கப் போய்வருபவர் அவர். அவரும் ஆலமரத்தடியில் நிறுத்தினார்.

“இதுல இறங்கி நடக்கணுமா, உள்ளுக்கு வந்து பாப்பாங்களா?” என்று கேட்டார்.

“இறங்கி நடந்தா என்ன மாமி நடக்கும்?” மஸீனா அவருக்கு முன்னால் மண்டியிட்டு அமர்ந்தாள். இது விளையாட்டைப் பற்றிய கேள்வியன்று; ஆகையால் கேட்கலாம்.

“என்ன நடக்கும்? ஐ.சி. கார்டக் காட்டிட்டு, பேக்கைத் தெறந்து காட்டிட்டு, அந்தப் பக்கம் நடந்து போய் ஏறணும். பஸ்ஸு முன்னுக்குப் போய் நிக்கும்.”

“பயமா இருக்காதா?”

“செக்கிங்குக்கா? துணி பேக்குல என்ன இருக்குது, பயப்புட?” பீபி மாமி தொலைபேசியைத் திருப்பிக் கொடுத்தார். “பஸ்ஸு போயிடுமோண்டுதான் பயம், புள்ள. இந்தக் காலை வச்சிக்கொண்டு நான்தான் எப்பவும் கடைசி. நான் நடக்கையில அவன் எஞ்சினை உறுமுவான் பாருங்க, அப்பதான் நெஞ்சு படக்குப் படக்குங்கும். ஒருக்கா விட்டுட்டே போயிட்டான், படுபாவி. றஹீமுட பஸ் இல்ல, மத்தது.”

“என்ட பஸ்ல நடக்காது,” என்றார் றஹீம், கதவருகிலிருந்து.

“ஒங்கட பஸ்லயும் உறுமுறதுதான். நல்லவர் மாதிரிப் பேசாதீங்க.”

பீபி மாமி போனபின் மஸீனா நெடுநேரம் திரையிலிருந்த ஆலமரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு அதை அழித்தாள்.

“பெரலைத் திரும்ப வைக்கிறோம், சந்திரா.”

“மகாலிங்கம் சேர் எடுக்கச் சொன்னது?”

“ஆளையும் துவக்கையும் எடுக்கிறோம். அவை தேவையில்லை, ஆளில்லாட்டியும் எல்லாரும் நிக்கிறாங்களே. பெரல் மட்டும் இருக்கும். பஸ் அதுக்கு முன்னால நிண்டா சனம் தானாவே இறங்கணும். வெறும் பஸ்ஸை ஓட்டிட்டுப் போய் அந்தப் பக்கம் நிக்கணும். ஒவ்வொருத்தரா நடந்து வந்து ஏறுவாங்க. கடைசியா ஒரு பொம்பளை மெதுவா வருவா. நிக்கிற நேரமெல்லாம் கடிகாரம் ஓடணும்.”

சந்திரவதனா நாற்காலியைத் திருப்பிக்கொண்டு அவளை நேராகப் பார்த்தாள். “நிண்டா நேரம் போகும். நேரம் போனா தோல்வி. காத்திருக்கிறவன் தோக்கணும்ங்கிறியா?”

“அவளை விட்டுட்டுப் போனா நேரத்துக்குப் போய்ச் சேரலாம். அவ ரோட்டுல நிப்பா. அவ்வளவுதான். புள்ளி வெட்ட வேணாம், எச்சரிக்கை போட வேணாம், ஒரு சொல்லும் எழுத வேணாம். என்ன செய்யிறதுன்னு விளையாடுறவங்க பாத்துக்கட்டும்.”

“இதை அவர் எடுக்காட்டி நான் தோஹாவுக்குப் போகணும். தெரியும்தானே?”

“தெரியும். பெரலை எடுத்துட்டுக் குடுத்தா அவர் ஏத்துக்குவாரு. சனம் வெறும் ரோட்டுல நிண்டுட்டு, ஹேங் ஆகுதுன்னு திருப்பிக் குடுக்கும். அப்பவும் நீ போகத்தான் போற, ஒரு மாசம் பிந்தி. சந்திரா, நான் இந்தத் தொழில்ல பாத்தது ஒண்ணுதான். ஆளுக விரல் எந்த இடத்துல தயங்குதோ, விளையாட்டு அங்கதான் இருக்கு. நாம அதை மலையில தேடிக்கொண்டிருந்தோம்.”

சந்திரவதனா சற்று நேரம் நகத்தைக் கடித்தாள். பிறகு நாற்காலியை மேசைப் பக்கம் திருப்பினாள். “நடக்கிறவங்களுக்குக் கால் வரையணும்,” என்றாள். “இதுவரைக்கும் யாருக்கும் நீ காலே வரையல்ல.”

மஸீனா கால்களை வரைந்தாள். கடைசியாக வரும் பெண்ணுக்கு ஒரு துணிப்பையையும், ஒரு காலில் சிறு இழுப்பையும் கொடுத்தாள்.

மகாலிங்கம் சொன்னபடியே மாதக் கடைசியில் வந்தார். மனைவியும் பிள்ளைகளும் வேனுக்குள் இருந்தார்கள். கொழும்பிலிருந்து வந்த வழியில் எத்தனையோ இடத்தில் மறித்துச் சோதித்திருந்தார்கள் போலும். சட்டைப் பையில் அடையாள அட்டை எடுப்பதற்கு வசதியாகத் தலை நீட்டிக்கொண்டிருந்தது. படியேறி வந்த களைப்போடு அவர் வர்ண வாளிகளைப் பார்த்தார். பிறகு இரு பெண்களையும் பார்த்தார்.

“இதுதானா ஒஃபீஸ்?”

“இதுதான், சேர்,” என்றாள் மஸீனா. மன்னிப்புக் கேட்கும் தொனி அவளுடைய குரலில் இல்லை. நாற்காலியைக் காட்டினாள், தொலைபேசியைக் கொடுத்தாள், அவருக்குப் பின்னால் போய்க் கையைக் கட்டிக்கொண்டாள். தங்கையின் தொழில் என்ன ஆகிறது என்று பார்க்க ரவூப் கடையை விட்டுவிட்டுப் படிவரை ஏறி வந்திருந்தார்.

மகாலிங்கம் நன்றாகவே ஓட்டினார். அவருடைய தொழிலே அதுவல்லவா? லக்கல வளைவுகளை அநாயாசமாக வெட்டித் திரும்பினார். மூடுபனியில் தடுமாறவில்லை. இரத்தோட்டையை அவர் கடந்தபோது கடிகாரத்தில் போதிய நேரம் மிஞ்சியிருந்தது. வளைவு வந்தது.

“எடுக்கச் சொன்னேனே, மிஸ்,” என்றார், முகம் சுளித்து.

அதைச் சொல்லி முடிப்பதற்குள் அவருடைய பெருவிரல் விசையை விட்டிருந்தது.

பேருந்து பீப்பாய்களுக்கு முன்னால் நின்றது. அவர் தம் பெருவிரலைப் பார்த்தார். கதவு திறந்தது, சனம் இறங்கியது. எவரும் கட்டளையிடவில்லை, கட்டளையிட அங்கே ஒருவரும் இல்லை. நெல்மூட்டைக்காரர், ஆசிரியை, பிள்ளையைத் தூக்கிய தகப்பன் என்று வரிசையாக வீதியோரம் நடந்தார்கள். மகாலிங்கம் வெறும் பேருந்தை மெதுவாக அப்பால் ஓட்டிச் சென்று நிறுத்தினார். ஒவ்வொருவராக ஏறினார்கள். கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. துணிப்பைக்காரி பீப்பாய்களை இன்னும் தாண்டவில்லை.

கடிகாரம் சிவந்தது. அவர் விசையை அழுத்தினார்.

பேருந்து பாய்ந்தது. திரையின் ஓரத்தில் அந்தப் பெண் சிறிதாகிக்கொண்டே போனாள். அவள் கையசைக்கவில்லை; கத்தவுமில்லை. பையைக் கீழே வைத்துவிட்டு நின்றாள்.

“பின்னுக்கு எடுக்கிறது எந்தப் பட்டன்?” என்று மகாலிங்கம் கேட்டார்.

படியிலிருந்த ரவூப் ஏதோ சொல்ல வாயெடுத்தார். மஸீனா திரும்பிப் பார்த்த பார்வையில் அவர் வாயை மூடிக்கொண்டார். சந்திரவதனா மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டிருந்தாள். இப்போது ஒரு சொல், ஒரேயொரு விளக்கம் போதும் என்று மஸீனாவுக்கும் தோன்றியது. அவர் சினந்து எழுந்து போய்விட்டால் எல்லாம் முடிந்தது. ஆனாலும் பின்னால் கட்டிய கைகளை அவள் இன்னும் இறுக்கிக்கொண்டாள். அவள் ஆக்கியது தானாகப் பேசட்டும்.

பேருந்து மாத்தளையை அடைந்தது. நேரத்துக்கு முன்பே அடைந்திருந்தது. திரையில் வெற்றி என்று எழுத்துகள் மின்னின. மகாலிங்கத்தின் முகத்தில் அந்த வெற்றி தெரியவில்லை.

கீழே வேன் ஹோன் அடித்தது. அவர் எழுந்து யன்னலருகே போய், “ஒரு நிமிசம்,” என்று மனைவிக்குக் கையைக் காட்டினார். திரும்பி வந்து அமர்ந்தார். ‘மீண்டும்’ என்னும் சொல்லைத் திரையில் தேடினார், அழுத்தினார்.

மஸீனா கைகளை அவிழ்த்தாள்.

சந்திரவதனா எழுந்து, யன்னலின் மறுபக்கத்துக்குப் போய்த் தன் தொலைபேசியை எடுத்தாள். குரலைத் தாழ்த்திப் பேசினாலும் அறை சிறியதாகையால் எல்லோருக்கும் கேட்டது.

“அப்பா, தோஹாவுக்கு வேணாம்னு சொல்லிடுங்க… இல்ல, அவர் இன்னும் ஒண்ணும் சொல்லல்ல… எனக்குத் தெரியும், அப்பா. வையுங்க, வந்து சொல்றேன்.”

மகாலிங்கம் அதைக் கேட்டாரா என்று தெரியவில்லை. லக்கல மலையில் ஏறிக்கொண்டிருந்தார். மூடுபனிக்குள் இருக்கும்போது, தலையை நிமிர்த்தாமலே பேசினார்.

“பெரலைப் பத்தி மேலிடத்தில கேட்டா நான் என்ன சொல்றது?”

“விளையாடிப் பாக்கச் சொல்லுங்க, சேர்.”

அவர் மூக்கால் சிரித்தார். “சித்திரைக்குள்ள எல்லாத்தையும் முடிச்சுத் தர ஏலுமா?”

“முடிச்சதைத்தான் கையில வச்சிருக்கீங்க.”

கீழே ஹோன் மறுபடியும் ஒலித்தது, இம்முறை நீளமாக. ரவூப் படியிறங்கிப் போய், “சேர் இப்ப வந்திடுவாரு, பிள்ளைகளுக்கு ஏதாவது குடிக்கத் தரவா?” என்று கேட்கும் குரல் கேட்டது.

மகாலிங்கம் அசையவில்லை. அவர் வளைவுக்கு அப்பால் நின்றிருந்தார். கடிகாரம் சிவந்து அணைந்துவிட்டது, தோல்வி நிச்சயமாகிவிட்டது. பெருவிரலை விசையின்மேல் படாமல் உயர்த்திப் பிடித்தபடி அவர் காத்திருந்தார். துணிப்பைக்காரி பீப்பாய்களைத் தாண்டி வந்துகொண்டிருந்தாள்.